கிரயம் முடிந்தது, சுவாதீனம் யாரிடம்? ஒப்புக்கொடுத்தல் பற்றிப் புதியவர்களுக்கு ஓர் எளிய விளக்கம்

பாளையங்கோட்டையில் எங்கள் சேகரத்தில் திடப்படுத்தல் (ஞானஸ்நானம் பெற்றவர்கள் தங்கள் விசுவாசத்தைத் தாங்களே அறிக்கையிட்டு உறுதிப்படுத்தும் சடங்கு) பெறவிருக்கும் பிள்ளைகளுக்குச் சனிக்கிழமை மாலைகளில் வகுப்பு எடுக்கிறேன். பத்தாம் வகுப்பு, பதினொன்றாம் வகுப்பு படிக்கிறவர்கள்தான் அதிகம். விசுவாசப் பிரமாணமும் பத்துக் கட்டளையும் ஞாயிறு பள்ளியிலேயே மனப்பாடம் ஆகிவிட்டதால் கேட்டால் தடங்கலில்லாமல் ஒப்பிப்பார்கள். கேள்வி கேட்பதுதான் அபூர்வம். சென்ற லெந்து நாட்களில் ஒரு சனிக்கிழமை, பின் வரிசையில் எப்போதும் பேசாமல் இருக்கும் ஒரு பிள்ளை எழுந்து நின்றாள்.

“சார், கன்வென்ஷன் கூட்டத்தில் என்னை முழுவதும் ஆண்டவருக்கு ஒப்புக்கொடுக்கிறேன் என்று எல்லாரோடும் சேர்ந்து அழுது ஜெபித்தேன். மறுநாள் காலையில் பார்த்தால் எல்லாம் என்னிடமேதான் இருந்தது. அம்மாவிடம் எரிந்து விழுந்தேன். பரீட்சை பயமும் அப்படியே இருந்தது. அப்படியானால் அன்றைக்கு இராத்திரி நான் எதைக் கொடுத்தேன், சார்?”

ஐம்பது வயதைத் தாண்டிய நான் அந்தக் கேள்வியைப் பல ஆண்டுகள் எனக்குள்ளேயே வைத்துக்கொண்டு திரிந்திருக்கிறேன். வாய்விட்டுக் கேட்கும் துணிச்சல் எனக்கு வந்ததில்லை. அன்று அவளுக்குச் சொன்னதையும், சொல்ல நேரமில்லாமல் போனதையும் சேர்த்து இங்கே எழுதுகிறேன்.

முதலில் சொல்லைப் பார்ப்போம். அர்ப்பணம், பிரதிஷ்டை, ஒப்புவித்தல், ஒப்புக்கொடுத்தல் என்று நம் சபைகளில் பல சொற்கள் புழங்குகின்றன. இவற்றில் ஒப்புக்கொடுத்தலே எனக்குப் பிடித்தது. ஒப்பு என்றால் இசைவு. இசைந்து கொடுப்பதே ஒப்புக்கொடுப்பது. பறித்துக்கொண்டால் அது வேறு. பயந்து கொடுத்தாலும் வேறு. ரோமர் 12-ஆம் அதிகாரத்தின் முதல் வசனத்தில் பவுல் இந்தச் சொல்லைத்தான் வைக்கிறார்: “உங்கள் சரீரங்களைப் பரிசுத்தமும் தேவனுக்குப் பிரியமுமான ஜீவபலியாக ஒப்புக்கொடுக்கவேண்டுமென்று, தேவனுடைய இரக்கங்களை முன்னிட்டு உங்களை வேண்டிக்கொள்ளுகிறேன்.”

அந்த வசனம் “அப்படியிருக்க” என்று தொடங்குகிறது. நம்மில் பலர் அதை வாசிக்காமல் தாண்டிவிடுகிறோம். எப்படியிருக்க? அதற்கு முந்தைய 11 அதிகாரங்களிலும் பவுல் சொல்லிவந்தது, மனிதன் கெட்டுப்போன கதையையும் தேவன் அவனைத் தேடிவந்து மீட்ட கதையையும். அதையெல்லாம் சொல்லி முடித்த பிறகுதான் “அப்படியிருக்க” வருகிறது. கட்டளையிட அதிகாரமுள்ள அப்போஸ்தலன் கட்டளையிடாமல் வேண்டிக்கொள்ளுகிறார். நரகத்தைக் காட்டி மிரட்டவில்லை, இரக்கங்களைத்தான் முன்னிட்டுப் பேசுகிறார். ஒப்புக்கொடுத்தலைப் பற்றிப் புதிதாகக் கற்கிற ஒருவர் முதலில் பிடித்துக்கொள்ள வேண்டியது இந்த வரிசையைத்தான். அவர் கொடுத்தது முந்தியது, நாம் கொடுப்பது பிந்தியது.

இன்னொன்று. வசனம் சரீரத்தைக் கேட்கிறது. “மனசைக் கொடுத்துவிட்டேன்” என்று சொல்வது நமக்கு எளிது, மனசை யாரும் பார்க்க முடியாது. சரீரம் என்றால் கை, நாக்கு, கண், தூங்கும் நேரம், எழுந்திருக்கும் நேரம், பஸ் நெரிசலில் பக்கத்தில் நிற்பவரை இடிக்கும் தோள். அன்றாடம் நாம் பயன்படுத்துகிற, அதனாலேயே நம்முடையது என்று நினைக்கிற எல்லாம் அதில் அடக்கம்.

இனி நான் வளர்ந்த வீட்டுக் கதைக்கு வருகிறேன். என் அப்பா பத்திர எழுத்தர். சார்பதிவாளர் அலுவலக வாசலுக்கு எதிரே ஒரு மேசை, ஒரு பெஞ்சு, முத்திரைத்தாள் கட்டு, மைக்கூடு. பள்ளி விட்டதும் நான் அந்தப் பெஞ்சில்தான் உட்கார்ந்திருப்பேன். ஒத்தி, குத்தகை, கிரயம் என்ற மூன்று சொற்கள் பாடப்புத்தகத்துக்கு முன்பே எனக்குப் பழக்கமாகிவிட்டன. ஒப்புக்கொடுத்தலைப் புரிந்துகொள்ள எனக்கு உதவியவை கடைசியில் இந்த மூன்றும்தான்.

திருநெல்வேலிக்காரர்களுக்கு ஒத்தியை விளக்க வேண்டியதில்லை. வெளியூர் வாசகர்களுக்காகச் சொல்கிறேன். ஒரு தொகையை மொத்தமாக வாங்கிக்கொண்டு, வீட்டையோ நிலத்தையோ அனுபவிக்க விடுவது ஒத்தி. வாடகை கிடையாது, வட்டியும் கிடையாது. வாங்கிய தொகையைத் திருப்பிக் கொடுத்துவிட்டால் சொத்து கைக்கு வந்துவிடும். நம்மில் பலர் ஆண்டவருக்குக் கொடுப்பது இப்படித்தான் இருக்கிறது. “மகளுக்கு வரன் அமைந்தால் இன்ன காணிக்கை”, “இந்த வேலை கிடைத்தால் ஒரு வருஷம் கோவில் வேலை” என்று பொருத்தனை செய்கிறோம். பொருத்தனையை நான் இழிவாகப் பேசவில்லை. அன்னாள் பிள்ளை வேண்டிப் பொருத்தனை செய்தாள், அதன்படி பிறந்த சாமுவேலைக் கர்த்தருடைய ஆலயத்தில் கொண்டுபோய் விட்டாள், வேதாகமம் அதை மெச்சுகிறது. ஆனால் அன்னாளின் பொருத்தனையில் அவள் கேட்ட பிள்ளையே திரும்ப ஆண்டவருக்குப் போய்விடுகிறது, அவள் கையில் மிச்சம் எதுவும் இல்லை. நம்முடைய பொருத்தனைகளில் கேட்ட பொருள் நம்மோடு தங்கிவிடுகிறது, ஆண்டவருக்குப் போவது ஒரு கட்டணம். கணக்குத் தீர்ந்ததும் சொத்து நம் கைக்குத் திரும்பிவிடுகிறது.

குத்தகை இன்னொரு விதம். அதற்குத் தவணை உண்டு. டிசம்பர் 31 இரவு ஆராதனையில், மணி பன்னிரண்டை நெருங்கும்போது, முழங்காலில் நின்று புது வருஷத்தை ஆண்டவருக்குக் கொடுக்கிறோம். பொங்கல் வருவதற்குள் குத்தகைதாரரை நாமே வெளியேற்றிவிடுகிறோம். அடுத்த டிசம்பரில் மறுபடியும் எழுதுகிறோம்.

கிரயம் என்றால் விலைக்கு விற்பது; தவணையும் இல்லை, திருப்புதலும் இல்லை. கிரயப் பத்திரத்தில் அப்பா எழுதும் வாசகங்கள் எனக்கு இன்றும் பாராமலே சொல்ல வரும். கிரயத் தொகையைப் பெற்றுக்கொண்டு, சொத்தை இன்றே தங்கள் சுவாதீனத்தில் ஒப்படைத்துவிட்டபடியால், தாங்களே சர்வ சுதந்திர பாத்தியங்களுடன் ஆண்டு அனுபவித்துக்கொள்ள வேண்டியது என்று அந்த நீண்ட வாக்கியம் போகும். எழுதி முடித்ததும் அப்பா விற்பவரைப் பார்த்து ஒரு கேள்வி கேட்பார்: “சுவாதீனம் கொடுத்துவிட்டீர்களா, அண்ணாச்சி?” சுவாதீனம் என்றால் சொத்தைக் கையில் வைத்து அனுபவிப்பது. பத்திரம் பதிவாகியும் சுவாதீனம் கைமாறாத சொத்துகளால் எத்தனை குடும்பங்கள் நீதிமன்றம் ஏறின என்று அவருக்குத் தெரியும். உரிமை ஒருவரிடம், அனுபவம் இன்னொருவரிடம் என்று இருந்தால் அங்கே சமாதானம் இருக்காது.

வாலிபத்தில் ஒரு நாள் கொரிந்தியருக்கு எழுதின முதல் நிருபத்தை வாசித்துக்கொண்டிருந்தேன். 6-ஆம் அதிகாரத்தின் முடிவில் அந்தச் சொல் இருந்தது. “கிரயத்துக்குக் கொள்ளப்பட்டீர்களே.” எத்தனையோ தடவை கேட்ட வசனம். அன்றைக்குத்தான் அது அப்பாவின் மேசையில் கிடந்த சொல் என்று உறைத்தது. அதற்கு முந்தைய வரி நாம் நமக்குச் சொந்தமானவர்கள் அல்ல என்கிறது. விலை கொடுத்தாகிவிட்டது. வெள்ளியாலும் பொன்னாலும் அல்ல, கிறிஸ்துவின் இரத்தத்தாலே என்று பேதுரு எழுதுகிறார். கல்வாரியில் பத்திரம் முடிந்துவிட்டது. நான் பிறப்பதற்கு எத்தனையோ நூற்றாண்டுகளுக்கு முன்பே முடிந்துவிட்டது. சுவாதீனம்தான் இன்னும் என்னிடம் இருக்கிறது.

இதுதான் நான் சொல்ல விரும்பும் ஒரே காரியம். ஒப்புக்கொடுத்தல் என்பது என் சொத்திலிருந்து ஆண்டவருக்கு நான் தாராளமாக எடுத்துக் கொடுக்கும் வள்ளல்தனம் இல்லை. ஏற்கெனவே வாங்கப்பட்ட சொத்தின் சுவாதீனத்தை வாங்கினவரிடம் விடுவது. அந்தப் பிள்ளை கூட்டத்தில் அழுதது பொய்யில்லை. பத்திரத்தில் என்ன எழுதியிருக்கிறது என்பதை அன்று அவள் படித்துப் பார்த்திருக்கிறாள், படித்ததும் கண்ணீர் வந்திருக்கிறது. அனுபவம் மாறுவது மறுநாள் காலையில், அம்மா சமையலறையிலிருந்து கூப்பிடும்போது தொடங்க வேண்டிய வேலை.

ஆண்டவன் பாதத்தில் தன்னை விடுவது தாமிரபரணிக் கரைக்குப் புதிது இல்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். நம்மாழ்வார் பிறந்த ஆழ்வார்திருநகரி இந்த ஆற்றங்கரையில்தான் இருக்கிறது. சரணாகதி என்ற சொல்லை இந்த மண் வெகு காலமாக அறியும். திருநெல்வேலி வட்டாரத்துக் கரையிருப்பில் 1827-ல் வைணவக் குடும்பத்தில் பிறந்த எச். ஏ. கிருஷ்ணபிள்ளை, 1858-ல் ஞானஸ்நானம் பெற்றுப் பின்னர் இரட்சணிய யாத்திரிகம் என்ற காவியத்தைப் பாடினார். அவருடைய பக்தித் தமிழ் நமக்கு அந்நியமாகத் தோன்றாததற்கு இந்தப் பின்னணியும் ஒரு காரணம். கிறிஸ்தவ விசுவாசத்தில் இதற்கென்று இருக்கும் தனி அழுத்தம் எதுவென்றால், நாம் போய்ப் பிடிக்கும் பாதங்களில் ஆணித் தழும்பு இருக்கிறது. நம்மைக் கேட்பதற்கு முன்னால் அவர் தம்மை ஒப்புக்கொடுத்துவிட்டார்.

“முழு இருதயத்தோடு” என்ற சொல்லுக்கு வருகிறேன். உபாகமம் 6-ஆம் அதிகாரம் முழு இருதயம், முழு ஆத்துமா, முழுப் பலம் என்று மூன்று முறை ‘முழு’ போடுகிறது. இதைப் படித்துவிட்டு, குறையே இல்லாத ஒருவர்தான் இப்படி வாழ முடியும் என்று பலர் பின்வாங்குகிறார்கள். எனக்கு இதை விளக்கியவன் அமத்சியா என்ற யூதா நாட்டு ராஜா. இரண்டாம் நாளாகமம் 25-ஆம் அதிகாரத்தில் வருகிறான், பிரசங்கங்களில் அதிகம் வருவதில்லை. அவனைப் பற்றி வேதம் சொல்லும் முதல் செய்தியே விசித்திரமானது. கர்த்தரின் பார்வைக்குச் செம்மையானதைச் செய்தான், ஆனாலும் முழுமனதோடே செய்யவில்லை. செய்தது சரியான காரியம், மனது மட்டும் முழுவதும் அதில் இல்லை.

ஏதோமோடு யுத்தத்துக்குப் போக அவன் பக்கத்து நாடான இஸ்ரவேலிலிருந்து இலட்சம் வீரர்களை 100 தாலந்து வெள்ளிக்குக் கூலிக்கு அமர்த்துகிறான். ஒரு தேவமனுஷன் வந்து, அவர்களை அனுப்பிவிடு, கர்த்தர் அவர்களோடு இல்லை என்கிறார். அமத்சியா உடனே கேட்கும் கேள்வி, அப்படியானால் நான் கொடுத்த 100 தாலந்து என்ன ஆவது என்பது. அதைவிட அதிகமாய்க் கர்த்தர் கொடுக்கக்கூடும் என்பது பதில். அமத்சியா கேட்கிறான், கீழ்ப்படிகிறான், வீரர்களை அனுப்புகிறான், வெற்றியும் பெறுகிறான். திரும்பும்போது, தோற்றவர்களின் தெய்வங்களைத் தூக்கிக்கொண்டு வந்து அவற்றின் முன் பணிகிறான். பணத்தை விட முடிந்தவனுக்கு வெற்றிப் பெருமையை விட முடியவில்லை. ஒரு கையைத் திறந்தபோது மறு கை மூடியே இருந்திருக்கிறது.

இந்த அதிகாரத்தை நான் என் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து வாசித்த மாலை எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. அப்போது எனக்கும் என் தம்பிக்கும் வழக்கு நடந்துகொண்டிருந்தது. ஊராருக்கெல்லாம் பாகப்பிரிவினை எழுதிக் கொடுத்த எங்கள் அப்பா, சாத்தான்குளம் பக்கத்திலுள்ள எங்கள் சொந்த விளையைப் பிரித்து எழுதாமலே காலமாகிவிட்டார். செம்மண் தேரி, பனை, நடுவே ஒரு கிணறு. எல்லைக்கல் எங்கே இருந்தது என்பதில் ஏழு சென்ட் தகராறு. ஏழு சென்டுக்காக ஆறு வருஷம் வாய்தாவுக்கு அலைந்தோம். அந்த ஆறு வருஷமும் நான் சபையில் பாடம் வாசித்தேன், காணிக்கைப் பை எடுத்தேன், நற்கருணை வாங்கினேன். என் சம்பளத்தை ஆண்டவருக்கு ஒப்புக்கொடுத்திருந்தேன், பிள்ளைகளை ஒப்புக்கொடுத்திருந்தேன். வழக்கைப் பற்றி ஜெபிக்கும்போது மட்டும் ஜெயத்தைக் கேட்டேனே தவிர, அந்தக் காரியத்தை அவர் கையில் விட்டதே இல்லை.

என்னைத் தடுத்தது நிலம்கூட இல்லை, செலவழித்த பணம். இவ்வளவு கொட்டிவிட்டு இப்போது விடுவதா என்ற எண்ணம். அமத்சியாவின் 100 தாலந்தைப் படித்தபோது என் வக்கீல் கட்டணக் குறிப்பேடு கண்முன் வந்து நின்றது.

எங்கள் விளையிலிருந்து முதலூர் தொலைவு இல்லை. 1799-ல், விசுவாசத்துக்காகத் தங்கள் ஊர்களில் துன்புறுத்தப்பட்டவர்கள் குடியேறுவதற்கென்று வாங்கிய நிலத்தில், தாவீது சுந்தரானந்தம் உருவாக்கிய ஊர் அது. இந்தச் சீமையின் முதல் கிறிஸ்தவக் குடியிருப்பு. ஆண்டவருக்காக வீட்டையும் நிலத்தையும் விட்டு வந்தவர்களின் வழியில் விசுவாசத்துக்குள் வந்த நான், அதே மண்ணில் கூடப்பிறந்தவனோடு ஏழு சென்டுக்கு நின்றுகொண்டிருந்தேன். அடுத்த வாரம் வழக்கைத் திரும்பப் பெற்றேன். தம்பி சொன்ன இடத்தில் கல் நட்டோம். அதன் பிறகும் அவன் என் வீட்டுக்குச் சகஜமாக வந்துபோகத் தொடங்கவில்லை. கல்யாண வீடுகளில் பார்த்தால் “அண்ணன், சௌக்கியமா?” என்று கேட்டுவிட்டு நகர்ந்துவிடுவான். அதையும் நான் இப்போது ஆண்டவரிடம் விட்டிருக்கிறேன், அவன் எப்போது வருவான் என்று கேட்டு நெருக்குவதில்லை.

முழு இருதயம் என்பதற்கு எனக்குக் கிடைத்த பொருள் இதுதான். பிழையில்லாத இருதயம் என்று அர்த்தமில்லை. “இதை மட்டும் தொடாதீர்” என்று வேலி போட்ட பகுதி இல்லாத இருதயம். அந்த வேலி எங்கே இருக்கிறது என்று கண்டுபிடிப்பது கடினமும் இல்லை. ஜெபத்தில் எந்தப் பெயர் வரும்போது, எந்தக் கணக்கு வரும்போது வேகமாகத் தாண்டிப் போகிறோமோ, அங்கேதான் இருக்கிறது.

இனி அந்தப் பிள்ளையின் கேள்வியில் இருந்த மறுநாள் காலை. அப்பாவிடம் பத்திரம் எழுதிய ஒருவர் தம் விளையை விற்றார். முழுத் தொகையும் வாங்கினார், மனம் ஒப்பித்தான் விற்றார். ஆனாலும் வாங்கியவர் தினமும் காலையில் அவரை அங்கே பார்த்தார். வேலியோரம் நின்ற முருங்கையில் காய் பறித்துக்கொண்டிருப்பாராம். திருடவேண்டும் என்ற எண்ணம் அவருக்குச் சற்றும் இல்லை. முப்பது வருஷமாக விடியற்காலையில் கால் தானாக நடந்த பாதை அது. கேட்டபோது அவரே திடுக்கிட்டு நின்றாராம். கூட்டத்தில் உண்மையாகவே ஒப்புக்கொடுத்தவர்கள் மறுநாள் கோபப்படுவதும் கவலைப்படுவதும் பெரும்பாலும் இந்த வகை. நேற்றுக் கொடுத்தது பொய் என்று முடிவு கட்ட வேண்டாம். பழைய கால் பழைய பாதையில் போயிருக்கிறது. பறித்த காயைக் கீழே வைத்துவிட்டு, இது இனி என்னுடைய மரம் இல்லை என்று சொல்லிவிட்டுத் திரும்ப வேண்டும். நாளைக்கும் கால் போகும். நாளைக்கும் திரும்ப வேண்டும்.

ஆண்டவராகிய இயேசு சிலுவையை எடுத்துக்கொண்டு என்னைப் பின்பற்று என்று சொன்னதை மத்தேயுவும் மாற்குவும் லூக்காவும் எழுதுகிறார்கள். லூக்கா மட்டும் ஒரு சொல்லைச் சேர்த்து எழுதுகிறார்: “அனுதினமும்.” பனையேறும் குடும்பங்களில் பிறந்தவர்களுக்கு இந்தச் சொல்லின் அருமை நன்றாகத் தெரியும். பாளையை ஒரு தரம் சீவிவிட்டு இறங்கிவிட்டால் பதநீர் வராது. காலையும் மாலையும் ஏறி, ஒவ்வொரு தடவையும் மெல்லிய ஒரு சீவல் எடுத்தால்தான் சுரப்பு நிற்காமல் இருக்கும். ஏறாமல் விட்டால் வெட்டுவாய் காய்ந்துவிடும், மரம் முழுக்கச் சாறு இருந்தும் கலயம் வெறுமையாகத் தொங்கும். ஆழமாக வெட்ட வேண்டியதில்லை என்பதையும் கவனியுங்கள். கண்ணீரும் கதறலுமாய் ஒரு பெரிய இரவை விட, காலையில் எழுந்ததும் இரண்டு நிமிஷம் ஒரு மெல்லிய சீவல் மேலானது என்று நான் நினைக்கிறேன்.

எங்கள் அம்மா இதைப் பிடியரிசியில் கற்றாள். நம் பக்கத்துக் கிறிஸ்தவ வீடுகளில் இந்த வழக்கம் வெகு நாளாக உண்டு. உலைக்கு அரிசி அளந்ததும் அதிலிருந்து ஒரு பிடி எடுத்துத் தனிப் பானையில் போடுவார்கள், அது கோவிலுக்குப் போகும். மிஞ்சினால் போடுவது என்ற பேச்சே இல்லை, முதலிலேயே எடுத்துவிடுவாள். ஒரு நாள் நான், “ஆண்டவருக்கு ஒரு பிடிதானா?” என்று கேட்டேன். “பானை அரிசியும் அவர் தந்ததுதானே, ராசா. மறந்துபோகாமல் இருக்க இந்த ஒரு பிடி” என்றாள். அம்மா ஐந்தாம் வகுப்புக்கு மேல் படித்ததில்லை.

சில தவறான புரிதல்களையும் சொல்லியாக வேண்டும், ஏனென்றால் இவற்றால் காயப்பட்டவர்களை எனக்குத் தெரியும்.

ஒப்புக்கொடுத்தல் என்றால் முழுநேர ஊழியத்துக்குப் போவது என்று நம் ஊரில் ஒரு எண்ணம் வேரூன்றிவிட்டது. கூட்ட முடிவில் ஊழியத்துக்கு அழைப்பு கொடுக்கும்போது எழுந்து நிற்கிறவர்களே ஒப்புக்கொடுத்தவர்கள், உட்கார்ந்திருப்பவர்கள் இரண்டாந்தரம் என்று பிள்ளைகள் நினைத்துக்கொள்கிறார்கள். ஊழிய அழைப்பு மகத்தானது, இந்தச் சீமை அதற்குக் கொடுத்தது ஏராளம். வெள்ளாளன்விளையில் 1874-ல் பிறந்த வேதநாயகம் சாமுவேல் அசரியா, 1903-ல் பாளையங்கோட்டையில் இந்திய மிஷனெரி சங்கம் தோன்ற முன்னின்றார். நம் மக்களின் காணிக்கையால், நம் மக்களையே தெலுங்கு நாட்டுக்கு அனுப்பிய சங்கம் அது. 1909-ல் அவர் தாம் வகித்த பெரிய பொறுப்பை விட்டுவிட்டு, பிறரை அனுப்பிய அதே தோர்ணக்கல்லுக்குத் தாமே மிஷனெரியாகப் போனார். 1912-ல் ஆங்கிலிக்கன் திருச்சபையின் முதல் இந்தியப் பேராயர் ஆனார். ஆனால் அந்தச் சங்கத்தைத் தாங்கியவர்கள் யார்? ஊரைவிட்டுப் போகாத பனையேறிகளும் ஆசிரியர்களும் அம்மாவைப் போன்ற பெண்களும். ஹைகிரவுண்ட் ஆஸ்பத்திரியில் இரவுப் பணியில், கூப்பிட ஆளில்லாத நோயாளியின் படுக்கையை மாற்றுகிற ஒரு நர்ஸ் எந்த விதத்திலும் குறைந்தவர் இல்லை.

ஆண்டவரிடம் விட்டுவிட்டேன் என்று சொல்லி மாத்திரையை நிறுத்துவதும், படிக்காமல் பரீட்சைக்குப் போவதும் ஒப்புக்கொடுத்தல் ஆகாது. சுவாதீனம் அவரிடம் போன பிறகு அந்த உடம்பைப் பராமரிக்கும் பொறுப்பு கூடுகிறது, குறைவதில்லை. “எல்லாம் தலைவிதி” என்று சோர்ந்து உட்காருவதும் வேறு. விதிக்கு முகம் இல்லை, நாம் பேசுவது ஒரு தகப்பனிடம்.

எல்லாவற்றையும் விட இதைக் கவனமாகச் சொல்கிறேன். நாம் ஒப்புக்கொடுப்பது தேவனுக்கு, மனிதருக்கு இல்லை. அடிக்கிற கணவனிடம் “ஒப்புக்கொடுத்து” வாழச் சொல்லி ஒரு பெண்ணைத் திருப்பி அனுப்புவதும், ஊழியர் ஒருவர் தமக்குக் கேள்வியில்லாத கீழ்ப்படிதலைக் கேட்பதும் அந்தச் சொல்லைக் களவாடுவது. கிரயம் கொடுத்தவர் ஒருவரே, அவருடைய சொத்தின் மேல் வேறு யாருக்கும் பாத்தியதை கிடையாது.

ஒப்புக்கொடுத்தவர் ஆசைப்படக் கூடாதா, அழக் கூடாதா என்று கேட்பவர்கள் உண்டு. கெத்செமனேயைப் பாருங்கள். இந்தப் பாத்திரம் என்னைவிட்டு நீங்கும்படி செய்யும் என்று நம் ஆண்டவரே கேட்டார். இதுதான் வேண்டும் என்று ஒளிக்காமல் சொன்னார். “ஆயினும் என்னுடைய சித்தத்தின்படியல்ல, உம்முடைய சித்தத்தின்படியே ஆகக்கடவது” என்பது அதற்குப் பிறகு வருகிறது. விருப்பத்தை விழுங்கிவிட்டுச் சொல்லும் ‘ஆயினும்’ வெறும் வார்த்தை. விருப்பத்தை அவர் முன்னால் விரித்து வைத்த பிறகு வரும் ‘ஆயினும்’தான் ஒப்புக்கொடுத்தல்.

களக்காட்டுக்குத் தெற்கே, மேற்குத் தொடர்ச்சி மலையின் அடியில் டோனாவூர் இருக்கிறது. அயர்லாந்தில் பிறந்த ஏமி கார்மைக்கேல் 1895-ல் இந்தியா வந்து, 1901 முதல் அங்கே தங்கி, கோவில்களுக்கு விடப்படவிருந்த சிறுமிகளுக்கும் ஆதரவற்ற குழந்தைகளுக்கும் தாயானார். வந்த பிறகு ஒருமுறைகூடச் சொந்த நாட்டுக்குத் திரும்பவில்லை. பிள்ளைகளைத் தேடி மாட்டு வண்டியிலும் கால்நடையாகவும் அலைந்த அந்த அம்மாள், 1931-ல் ஒரு குழியில் விழுந்து காலை முறித்துக்கொண்டார். அதன் பிறகு 1951 ஜனவரியில் மரிக்கும்வரை ஏறக்குறைய இருபது ஆண்டுகள் பெரும்பாலும் ஒரே அறையில், படுக்கையில். அலைந்து செய்த ஊழியத்தைக் கொடுத்தவருக்கு, படுத்துக் கிடப்பதையும் கொடுக்க வேண்டி வந்தது. அந்தப் படுக்கையிலிருந்தும் எழுதினார், பிள்ளைகளுக்காக ஜெபித்தார். தம் கல்லறைக்குக் கல் வேண்டாம் என்று சொல்லிவிட்டதால், பிள்ளைகள் அங்கே பறவைகள் நீர் அருந்தும் ஒரு கல்தொட்டியை வைத்து ‘அம்மை’ என்று மட்டும் பொறித்தார்கள். வகுப்புப் பிள்ளைகளை ஒவ்வொரு வருஷமும் அங்கே அழைத்துப் போகிறேன். அந்த இடத்தில் நான் எதுவும் பேசுவதில்லை.

எங்கிருந்து தொடங்குவது என்று கேட்பவர்களுக்கு நான் சொல்வது சிறியது. காலையில் எழுந்ததும், போனை எடுப்பதற்கு முன்னால், “ஆண்டவரே, இன்றைய நாளின் சுவாதீனம் உம்முடையது” என்று சொல்லுங்கள். பிறகு ஒரே ஒரு காரியத்தைப் பெயர் சொல்லி விடுங்கள். பொதுவாக ‘எல்லாம்’ என்று சொன்னால் எதுவும் கைமாறாது. இன்றைக்கு நாக்கு, நாளைக்கு அந்தக் கடன், மறுநாள் பேசாமலிருக்கும் அந்த உறவு. இரவில் படுக்கும்போது, எந்த முருங்கையில் கை வைத்தேன் என்று பார்த்து, காயைத் திருப்பி வைத்துவிட்டுத் தூங்குங்கள்.

திடப்படுத்தல் ஆராதனைக்கு முந்தைய சனிக்கிழமை அந்தப் பிள்ளை மறுபடியும் எழுந்தாள். “பேராயர் தலையில் கை வைக்கும்போது நான் மனதுக்குள் என்ன சொல்ல வேண்டும், சார்?”

“நீ எதுவும் சொல்ல வேண்டாம், அம்மா. அவர் சொல்வதைக் கேள். இந்தப் பிள்ளை என்றைக்கும் உம்முடையவளாயிருக்கவும், நாளுக்கு நாள் உம்முடைய ஆவியில் பெருகவும் என்று உனக்காக ஜெபிப்பார்.”

அவள் நோட்டைத் திறந்து, ‘உம்முடையவள்’ என்று ஒரு வரியிலும், ‘நாளுக்கு நாள்’ என்று அடுத்த வரியிலும் எழுதிக்கொண்டாள்.